நோபிள் ஜான்சன்: உலகத்து இனங்களையெல்லாம் திரையில் நடித்த ஒரு குணச்சித்திர நடிகர்

பதிவு 1 | மௌனப்படப்பிரியன்

‘கிங் காங்’ (1933) பார்த்தவர்கள் எல்லோரும் நோபிள் ஜான்சனைப் பார்த்திருக்கிறார்கள். கப்பல் குழுவினர் மண்டையோட்டுத் தீவில் இறங்கியதும், நடந்துகொண்டிருந்த சடங்கை நிறுத்திவிட்டு அவர்களை நோக்கி நிதானமாக நடந்து வருகிறாரே, இறகு அணிந்த தீவுத் தலைவர், அவர்தான். பொன்னிறக் கூந்தல் கொண்ட கதாநாயகிக்கு ஈடாகத் தன் இனத்துப் பெண்கள் ஆறு பேரைத் தருவதாகப் பேரம் பேசுவதும் அவர்தான். அந்தக் காட்சி நினைவில் இருக்கிறது, நடிகரின் பெயர் இல்லை.

இப்போது 1932இல் வந்த ‘தி மோஸ்ட் டேஞ்சரஸ் கேம்’ படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். மனிதர்களை வேட்டையாடும் ஒரு ரஷ்யப் பிரபு. அவருடைய மாளிகையில் தாடி வைத்த, ஓங்கி வளர்ந்த, ஊமையான கொசாக் (ரஷ்யக் குதிரைவீரர் மரபைச் சேர்ந்த) வேலைக்காரன் இவான். அதுவும் நோபிள் ஜான்சன்தான். ஆர்.கே.ஓ. நிறுவனத்தில் இரண்டு படங்களின் வேலையும் ஒரே காலத்தில் நடந்தது. மேரியன் கூப்பர், எர்னஸ்ட் ஷூட்சாக் இருவரும்தான் இரண்டுக்கும் பின்னால் இருந்தவர்கள். காட்டு அரங்கு ஒன்றுதான். ஃபே ரே, ராபர்ட் ஆர்ம்ஸ்ட்ராங் இருவரும் இரண்டிலும் நடித்தார்கள். அதே காட்டில் நோபிள் ஜான்சன் ஒரு படத்துக்காக வெளிறிய ஒப்பனை பூசி வெள்ளையரானார், இன்னொரு படத்துக்காக உடலெங்கும் கருமை பூசித் தீவுவாசியானார். உண்மையில் அவர் ஆப்பிரிக்க அமெரிக்கர்.

இந்த ஒரு தகவலை வைத்துக்கொண்டு பல நாட்கள் யோசித்திருக்கிறேன். நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தவர். பூர்வகுடித் தலைவர், அரேபியர், இந்திய இளவரசர், நூபியர் (நைல் நதிக்கரைக் கறுப்பினத்தவர்), ரஷ்யர், தென்கடல் தீவுவாசி என்று எத்தனையோ இனத்தவராக வந்தார். தன் சொந்த மக்களில் ஒருவராக, படித்த, உழைக்கும், காதலிக்கும் ஒரு மனிதராக அவர் நடித்தது தானே தொடங்கிய நிறுவனத்தின் படங்களில்தான். அந்த நிறுவனத்தையும் 1918இல் விட்டு விலக நேர்ந்தது. அவருடைய வேடங்களின் பட்டியலை அந்த நிறுவனத்தின் கதையோடு சேர்த்துத்தான் படிக்க வேண்டும் என்பது என் எண்ணம். நண்பர்கள் என்ன நினைக்கிறீர்கள்?

பதிவு 2 | செங்குன்றத்தான்

நல்ல தொடக்கம், நண்பரே. ஆனாலும் ஒரு மறுப்பைச் சொல்லிவிடுகிறேன். இவருடைய வேடங்கள் பெரும்பாலும் ஒரு காட்சி, இரண்டு காட்சி. வாசலில் நிற்கும் காவலன், ஈட்டி பிடித்த தலைவன், அடியாள். உடல்வாகு இருந்தது, அழைத்தார்கள், நின்றார், கூலி வாங்கினார். இதை நடிப்புச் சாதனை என்று சொல்ல முடியுமா?

பல முகங்கள் கொண்ட நடிகர் என்றால் அதே காலத்தில் லான் சேனி இருந்தார். ‘நோட்ரடாம் கூனன்’ (1923), ‘ஓபரா மாளிகையின் பேய்’ (1925) இரண்டிலும் அவர் தன் முகத்தையே எப்படிச் சிதைத்துக்கொண்டார் என்று பாருங்கள். கலைக்களஞ்சியமான ‘பிரிட்டானிகா’ 1929ஆம் ஆண்டுப் பதிப்பில் ஒப்பனை பற்றிய கட்டுரையை அவரிடம்தான் எழுதி வாங்கியது. அந்தத் தகுதியோடு நோபிள் ஜான்சனை ஒப்பிடுவது சரியா என்பதுதான் என் கேள்வி.

பதிவு 3 | நூலகமேசை

செங்குன்றத்தாருக்கு: நீங்கள் லான் சேனியின் பெயரைச் சொன்னது மிகப் பொருத்தம். இருவரும் ஒரே ஊர்க்காரர்கள். கொலராடோ மாநிலத்தில் உள்ள கொலராடோ ஸ்பிரிங்ஸ். சேனி அங்கே 1883இல் பிறந்தார். நோபிள் 1881 ஏப்ரல் 18 அன்று மிசௌரி மாநிலத்தின் மார்ஷல் நகரில் பிறந்து, சிறு வயதிலேயே குடும்பத்தோடு கொலராடோ ஸ்பிரிங்ஸ் வந்தவர். இருவரும் பள்ளித் தோழர்கள். பிற்காலத்தில் ஹாலிவுட்டில் இருவருமே வேடம் மாற்றுவதில் பெயர் வாங்கினார்கள். ஒருவர் பெயர் சுவரொட்டியின் உச்சியில் வந்தது, மற்றவர் பெயர் பல படங்களில் நடிகர் பட்டியலிலேயே வரவில்லை. இந்த வேறுபாட்டுக்குத் திறமையை மட்டும் காரணமாகச் சொல்ல என்னால் முடியவில்லை.

நோபிளின் தந்தை பந்தயக் குதிரைகளைப் பழக்குபவர். பையன் பள்ளியை விட்டுத் தந்தையோடு பந்தய ஊர்களைச் சுற்றினார், பிறகு மாட்டுப் பண்ணைகளில் வேலை பார்த்தார். குதிரை அவருக்குக் கைவந்த கலை. சினிமாவுக்குள் வந்ததே குதிரையால்தான். ஃபிலடெல்ஃபியாவின் லூபின் நிறுவனம் கொலராடோவில் படமெடுத்துக்கொண்டிருந்தபோது ஒரு நடிகருக்கு அடிபட்டது. அந்த இடத்தில் இவரை நிறுத்தினார்கள். வேடம்: அமெரிக்கப் பூர்வகுடி. ஆறடிக்கு மேல் உயரம், அகன்ற தோள், சிவந்த மாநிறம், குதிரையேற்றம். அன்றைய கௌபாய் படங்களுக்கு வேறென்ன வேண்டும்? அங்கிருந்து கலிபோர்னியா, யுனிவர்சல் நிறுவனம், வாரம் ஒரு பகுதியாகக் கொட்டகையில் ஓடிய தொடர்படங்கள். 1917இல் வந்த ‘தி ரெட் ஏஸ்’ தொடர்படத்தில் லிட்டில் பேர் என்ற பூர்வகுடி வேடமும் அவருக்குத்தான்.

அதோடு நிற்கவில்லை. யுனிவர்சலில் வாங்கிய சம்பளத்தை எதில் போட்டார் என்பதுதான் இந்த இழையின் உயிர் என்று நினைக்கிறேன். 1916இல் நண்பர்கள் சிலரோடு சேர்ந்து ‘லிங்கன் மோஷன் பிக்சர் கம்பெனி’யைத் தொடங்கினார். தலைவர் அவர். மருந்துக் கடைக்காரரான ஜேம்ஸ் ஸ்மித், நடிகர் கிளாரன்ஸ் புரூக்ஸ் ஆகியோர் பங்காளிகள். ஒளிப்பதிவாளர் ஹாரி கான்ட் மட்டும் வெள்ளையர். நோபிளின் தம்பி ஜார்ஜ், நெப்ராஸ்கா மாநிலத்தின் ஒமாஹா நகரில் தபால் ஊழியர். அந்த வேலையை விடாமலே படங்களை ஊர் ஊராக அனுப்பும் பொறுப்பை ஏற்றார்.

பதிவு 4 | மௌனப்படப்பிரியன்

நன்றி அக்கா. லிங்கன் நிறுவனத்தின் முதல் படத்தைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. ‘தி ரியலைசேஷன் ஆஃப் எ நீக்ரோஸ் ஆம்பிஷன்’, இரண்டு ரீல்தான்.

கதை இது. கறுப்பின மாணவர்களுக்கான டஸ்கீகி கல்லூரியில் பொறியியல் படித்த ஜேம்ஸ் பர்ட்டன் என்ற இளைஞன். அப்பாவின் பண்ணையை விட்டு எண்ணெய் வயல்களைத் தேடிக் கலிபோர்னியா போகிறான். நிறத்தைப் பார்த்து வேலை மறுக்கிறார்கள். எண்ணெய் வயல் முதலாளியின் மகளை ஆபத்திலிருந்து காப்பாற்றுகிறான், வேலை கிடைக்கிறது. அங்கே மண்ணின் அமைப்பைப் படிக்கும்போது, ஊரில் தன் அப்பாவின் நிலமும் இதே போன்றதுதான் என்று அவனுக்குப் புரிகிறது. திரும்பிப் போகிறான், துளையிடுகிறான், எண்ணெய் வருகிறது. ஊரில் காத்திருந்த காதலியோடு வாழ்க்கை. ஜேம்ஸ் பர்ட்டனாக நோபிள் ஜான்சன்.

கதை எளிமையானது, மறுக்கவில்லை. வெளியான ஆண்டை நினைத்துப் பாருங்கள். முந்தைய ஆண்டு, 1915இல்தான் கிரிஃபித்தின் ‘தி பர்த் ஆஃப் எ நேஷன்’ வெளியாகி நாடெங்கும் ஓடியது. அதில் கறுப்பின ஆண் என்றால் வெள்ளைப் பெண்ணைத் துரத்தும் மிருகம், அதையும் முகத்தில் கரி பூசிய வெள்ளை நடிகர்தான் நடித்தார். கறுப்பின மக்களின் உரிமைக்காகப் போராடும் என்.ஏ.ஏ.சி.பி. அமைப்பு ஊர் ஊராக அதை எதிர்த்துப் போராடியது. அந்த நேரத்தில் ஒரு கறுப்பின இளைஞன் கல்வி கற்று, நிலவியல் அறிவால் உயர்ந்து, தன் அப்பாவின் மண்ணுக்கே திரும்புகிறான் என்று படமெடுப்பது எவ்வளவு பெரிய காரியம்! ஊதியம் வாங்கும் இடத்தில் ஈட்டி பிடித்தார். அந்தப் பணத்தைக் கொண்டுவந்து இந்த இளைஞனைத் திரைக்குக் கொடுத்தார்.

அடுத்த படம் ‘தி ட்ரூப்பர் ஆஃப் ட்ரூப் கே’. 1916 ஜூன் 21 அன்று மெக்ஸிகோவின் கரிசால் என்ற இடத்தில் அமெரிக்காவின் பத்தாவது குதிரைப்படையைச் சேர்ந்த கறுப்பின வீரர்கள் போரிட்டு மடிந்தார்கள். செய்தியின் சூடு ஆறுமுன் அதைப் படமாக்கினார்கள். கறுப்பினக் குதிரைப்படைகளில் பணியாற்றிய முன்னாள் வீரர்களும் அதில் நடித்தார்கள். மூன்றாவது ‘தி லா ஆஃப் நேச்சர்’, 1917. மூன்றிலும் கதாநாயகன் நோபிள். இன்று மூன்றில் ஒன்றின் பிரிண்டும் இல்லை.

பதிவு 5 | தாமரைக்குளம்

மூன்றுமே இல்லையா? அப்படியானால் அவர் கதாநாயகனாக நடித்ததைப் பார்க்க நமக்கு வழியே கிடையாதா? படிக்கும்போதே மனம் கனக்கிறது.

பதிவு 6 | நூலகமேசை

ஆமாம், தாமரை. அந்தக் காலத்து மௌனப் படங்களில் பெரும் பகுதி அழிந்துவிட்டது, பெரிய நிறுவனங்களின் படங்களும் தப்பவில்லை. லிங்கன் நிறுவனம் ஒரு படத்துக்கு மிகச் சில பிரிண்டுகள்தான் போட்டது, அவையும் ஊர் ஊராகச் சுற்றித் தேய்ந்தவை. நிறுவனத்தின் கடைசிப் படமான ‘பை ரைட் ஆஃப் பர்த்’ (1921) மட்டும் சில நிமிடத் துண்டாக எஞ்சியிருக்கிறது. அதில் நோபிள் இல்லை.

இவ்வளவு தெரிவதற்கும் தம்பி ஜார்ஜுக்குத்தான் நன்றி சொல்ல வேண்டும். தபால்காரரின் ஒழுங்கு அவரிடம் இருந்தது. கடிதங்கள், துண்டறிக்கைகள், பத்திரிகைச் செய்திகள், புகைப்படங்கள் எல்லாவற்றையும் பல பத்தாண்டுகள் பாதுகாத்தார். அவை இப்போது லாஸ் ஏஞ்சலிஸில் உள்ள கலிபோர்னியா பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கின்றன. படங்கள் போய்விட்டன, காகிதங்கள் வாழ்கின்றன. ஆய்வாளர்கள் கதைச்சுருக்கத்தை எடுப்பதும் அந்தக் காகிதங்களிலிருந்துதான்.

பதிவு 7 | ஒளிச்சுருள்

படச்சுருளும் ஒளியும் பற்றி இந்த முதியவனுக்குக் கொஞ்சம் தெரியும் என்பதால் ஒரு விஷயம் சேர்க்கிறேன். எப்படி ஒரே மனிதரை ரஷ்யராகவும் நூபியராகவும் காட்ட முடிந்தது என்று இளையவர்கள் வியக்கலாம்.

1920களின் நடுப்பகுதிவரை ஹாலிவுட்டில் பரவலாகப் பயன்பட்டது ஆர்தோகுரோமாட்டிக் சுருள். அது நீலத்தையும் பச்சையையும் உணரும், சிவப்பை உணராது. சிவப்பு அதில் கறுப்பாகப் பதியும். அதனால்தான் அக்கால நடிகர்கள் முகத்தில் மஞ்சளும் வெளிர் நிறங்களும் அப்பிக்கொண்டார்கள். இல்லாவிட்டால் சிவந்த கன்னம் அழுக்குப் படிந்ததுபோல் தெரியும். நேரில் நாம் காணும் தோல்நிறத்துக்கும் திரையில் பதிவதற்கும் நேரடித் தொடர்பே இல்லை. நோபிள் ஜான்சன் போன்ற மாநிறக்காரரை ஒப்பனையாளரும் ஒளிப்பதிவாளரும் சேர்ந்து எந்தப் பக்கமும் தள்ளலாம். பத்தாண்டின் பிற்பகுதியில் எல்லா நிறங்களையும் உணரும் பான்குரோமாட்டிக் சுருள் பரவியது. அதன் பிறகும் கறுப்பு வெள்ளைதானே, வேலை தொடர்ந்தது.

இதைச் சொல்வதற்குக் காரணம் உண்டு. அவரை ‘எந்த இனத்துக்கும் பொருந்தும் முகம்’ என்று எழுதுகிறார்கள். அது முழு உண்மையில்லை. ஒளிப்பதிவாளரின் கருவிப்பெட்டியும் ஒப்பனை அறையும் சேர்ந்து உண்டாக்கிய முகம் அது. அதன் மேல் நின்று உடலால் வேறுபாட்டைக் கொண்டுவந்தது நடிகரின் வேலை. தீவுத் தலைவராக வரும்போது அவருடைய நடையில் ஓர் அதிகாரம் இருக்கிறது, முழங்கால் மடங்காமல் நிலத்தை அளப்பது போன்ற நடை. இவானாக வரும்போது தோள் முன்னால் சரிந்து, எசமானின் கண்ணசைவுக்குக் காத்திருக்கிறது. இந்த இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்துவிட்டுச் செங்குன்றத்தார் தம் கேள்வியை மீண்டும் கேட்கட்டும்.

பதிவு 8 | செங்குன்றத்தான்

ஐயா சொன்னதற்காகவே இரண்டையும் பார்க்கிறேன். அதற்கு முன் இன்னொரு கேள்வி மனதில் நெருடுகிறது. லிங்கன் நிறுவனம் அவ்வளவு உயர்ந்த நோக்கம் கொண்டது என்றால், 1918இல் அதை ஏன் விட்டார்? யுனிவர்சலின் சம்பளம் நிலையானது என்பதால்தானே? தம்பியும் நண்பர்களும் 1921வரை போராடினார்கள். இவர் பெரிய நிறுவனத்தின் பக்கம் போய்விட்டார். அதன் பிறகு அவர் நடித்தவை நரமாமிசம் தின்னும் தலைவர்கள், அடிமைகள். ‘தி நேவிகேட்டர்’ (1924) படத்தில் பஸ்டர் கீட்டனைத் துரத்தும் நரமாமிசக் கூட்டத்தின் தலைவர் இவர்தானே? தன் மக்களைப் பற்றிய கேவலமான கற்பனைக்குத் தன் உடலைக் கொடுத்தார் என்று ஒருவர் சொன்னால் என்ன பதில்?

பதிவு 9 | மௌனப்படப்பிரியன்

இந்தக் குற்றச்சாட்டைக் கேட்டால் எனக்குக் கோபம் வருகிறது. உங்கள் மேல் இல்லை, நண்பரே. அந்த நிலைமையின் மேல்.

நடந்தது இது. லிங்கன் படங்கள் கறுப்பின மக்கள் வாழும் பகுதிகளின் கொட்டகைகளில் ஓடின. நோபிள் சிறு வேடத்தில் வரும் யுனிவர்சல் தொடர்படங்களும் அதே பகுதிகளில் ஓடின. கொட்டகைக்காரர்களுக்கு எது வசூல் தரும் என்று தெரியும். நோபிள் ஜான்சன் கதாநாயகனாக நடித்த படத்துக்குப் பெரிய சுவரொட்டி ஒட்டினார்கள். மக்கள் அங்கே போனார்கள். பக்கத்துக் கொட்டகையில் யுனிவர்சலின் படம் காற்று வாங்கியது. தன்னிடம் சில்லறை வேடத்தில் நடிக்கும் ஒருவர் வெளியே நட்சத்திரமாகித் தன் படத்துக்கே போட்டியாவதை யுனிவர்சல் பொறுக்கவில்லை. லிங்கனிலிருந்து விலகு, உன் பெயரையும் படத்தையும் அவர்கள் விளம்பரத்தில் பயன்படுத்தக் கூடாது என்று நெருக்கினார்கள்.

லிங்கன் நிறுவனத்தின் முதலீட்டில் நோபிளின் யுனிவர்சல் சம்பளமும் இருந்தது என்பதை மறக்கக் கூடாது. அந்த வேலை போனால் நடிகருக்கும் சோறில்லை, நிறுவனத்துக்கும் பணமில்லை. அந்த வேலையில் இருந்தால் நிறுவனத்துக்கு நாயகன் இல்லை. எந்தப் பக்கம் திரும்பினாலும் லிங்கனுக்குத்தான் நட்டம். இந்தக் கண்ணியில் மாட்டியவரைப் பார்த்து ‘ஏன் விட்டாய்’ என்று கேட்பது நியாயமில்லை. கேட்க வேண்டியது யுனிவர்சலை.

பதிவு 10 | கடலோரன்

இரு தரப்பிலும் உண்மை இருக்கிறது. லிங்கனின் சரிவுக்கு நோபிள் போனது ஒரு காரணம்தான். அதே 1918இல் இன்ஃபுளுயன்ஸா பரவிக் கொட்டகைகள் மூடப்பட்டன. கறுப்பினப் பார்வையாளர்களை அனுமதித்த கொட்டகைகள் குறைவு, அவையும் சிதறிக் கிடந்தன. ஒரு பிரிண்ட் ஒரு ஊரில் ஓடி, ரயிலேறி அடுத்த ஊருக்குப் போய், அங்கே வசூலாகி, அந்தப் பணம் கைக்கு வந்த பிறகுதான் அடுத்த படத்துக்குச் சுருள் வாங்க முடியும். இந்த வேகத்தில் எந்த நிறுவனம் நிலைக்கும்? இருந்தும் கிளாரன்ஸ் புரூக்ஸை நாயகனாக்கி ‘எ மேன்ஸ் டூட்டி’ (1919), ‘பை ரைட் ஆஃப் பர்த்’ (1921) என்று எடுத்தார்கள்.

இன்னொரு கிளைக்கதையும் உண்டு. தெற்கு டகோட்டாவில் நிலம் திருத்திப் பயிரிட்ட ஆஸ்கர் மிஷோ, தன் வாழ்க்கையை ஒட்டி ‘தி ஹோம்ஸ்டெடர்’ என்ற நாவலை எழுதித் தானே வெளியிட்டிருந்தார். அதைப் படமாக்க 1918இல் ஜார்ஜ் ஜான்சன் அவருக்குக் கடிதம் எழுதினார். படப்பிடிப்பைத் தானே நடத்துவேன் என்றார் மிஷோ. லிங்கன் சம்மதிக்கவில்லை. பேச்சு முறிந்தது. மிஷோ தானே நிறுவனம் தொடங்கி 1919இல் அந்தப் படத்தை எடுத்து முடித்தார். கறுப்பின இயக்குநர் ஒருவரின் முதல் முழுநீளப் படம் அது. 1948வரை அவர் படமெடுத்தார். ஜார்ஜின் அந்தக் கடிதம் போகாமல் இருந்திருந்தால் மிஷோவின் கை சினிமாப் பக்கம் எப்போது திரும்பியிருக்கும் என்று யாருக்குத் தெரியும்? ஆகவே லிங்கனை வெறும் தோல்வி என்று எழுதிவிட எனக்கு மனமில்லை.

கிளாரன்ஸ் புரூக்ஸையும் மறக்க வேண்டாம். ஜான் ஃபோர்டின் ‘ஆரோஸ்மித்’ (1931) படத்தில் மேற்கிந்தியத் தீவில் பணியாற்றும் கறுப்பின மருத்துவராக வருகிறார். கண்ணியமான வேடம். அக்காலத்து ஹாலிவுட்டில் அப்படிப்பட்ட வேடம் ஒன்று கறுப்பின நடிகருக்குக் கிடைத்ததே அபூர்வம்.

பதிவு 11 | தாமரைக்குளம்

இந்திய இளவரசராக நடித்தார் என்று முதல் பதிவில் இருந்தது. அது எந்தப் படம்?

பதிவு 12 | மௌனப்படப்பிரியன்

‘தி தீஃப் ஆஃப் பாக்தாத்’ (1924). டக்ளஸ் ஃபேர்பாங்க்ஸ் நாயகன், இயக்கம் ரவுல் வால்ஷ். பாக்தாத் இளவரசியை மணக்க மூன்று இளவரசர்கள் வருகிறார்கள். இந்திய இளவரசர் நோபிள் ஜான்சன். மங்கோலிய இளவரசர் ஜப்பானியரான சோஜின். பாரசீக இளவரசராக நடித்தவர் யார் தெரியுமா? மத்தில்ட் கோமோன் என்ற பெண்மணி, மீசை வைத்துக்கொண்டு! இளவரசியின் மங்கோலிய அடிமைப் பெண்ணாக, லாஸ் ஏஞ்சலிஸில் பிறந்த சீன வம்சாவளி அன்னா மே வாங். யார் வேண்டுமானாலும் யாராகவும் நடித்த உலகம் அது. வெள்ளையர்களுக்கு மட்டும் அதில் நாயகன், நாயகி இடங்கள் நிரந்தரமாக ஒதுக்கப்பட்டிருந்தன. பட்டும் மணியும் தலைப்பாகையுமாக நோபிள் வருகிற அழகைப் பார்க்க வேண்டும். மாயக் கண்ணாடிக் குண்டைக் கொண்டுவருபவர் அவர்தான். அரசவையில் நிற்பதற்கென்றே பிறந்தவர் போலிருக்கிறார்.

இந்திய வேடங்கள் பிறகும் வந்தன. ‘தி லைவ்ஸ் ஆஃப் எ பெங்கால் லான்சர்’ (1935) படத்தில் ராம் சிங். சோல்டன் கோர்டாவின் ‘ஜங்கிள் புக்’ (1942) படத்தில் ஒரு சீக்கியர். அந்தப் படத்தில் மௌக்லியாக நடித்த சாபு மட்டும் உண்மையிலேயே நம் பக்கத்துக்காரர், மைசூர்ப் பகுதியில் யானைப்பாகன் வீட்டில் பிறந்தவர். அவரைச் சுற்றியிருந்த இந்தியக் கிராமத்து முக்கிய வேடங்களில் வெள்ளையர்கள். மிசௌரியில் பிறந்த கறுப்பினத்தவர் ஒருவர் அங்கே சீக்கியராக நிற்கிறார்.

பதிவு 13 | நூலகமேசை

அவர் தன் சொந்த மக்களில் ஒருவராக நடித்தது பற்றி முதல் பதிவில் உள்ள வரியோடு இதையும் சேர்த்துப் படிக்க வேண்டும். ‘டாப்சி அண்ட் ஈவா’ (1927) படத்தில் அவர் அங்கிள் டாம், அடிமை வாழ்வைச் சொல்லும் ‘டாம் மாமாவின் குடிசை’ நாவலின் நாயகன். பெரிய நிறுவனம் ஒன்று அவருக்குக் கொடுத்த அமெரிக்கக் கறுப்பின வேடம் அது. கொடுத்ததும் எதை? அடிமையை. அதே படத்தில் டாப்சியாக வருபவர் ரொசெட்டா டங்கன், முகத்தில் கரி பூசிய வெள்ளைப் பெண். டஸ்கீகியில் படித்த பொறியாளர் ஜேம்ஸ் பர்ட்டனிலிருந்து இந்தக் குடிசைக்கு வர அவருக்குப் பதினோரு ஆண்டுகள் போதுமானதாக இருந்தது. படிக்கவே வேதனை.

ஆனால் மற்ற வேடங்களை எல்லாம் ஒரே கூடையில் போட எனக்கு விருப்பமில்லை. ரெக்ஸ் இங்கிராமின் ‘தி ஃபோர் ஹார்ஸ்மென் ஆஃப் தி அபாகலிப்ஸ்’ (1921) படத்தில் பைபிளில் சொல்லப்படும், வானத்தில் பாய்ந்துவரும் நான்கு குதிரை வீரர்களில் வெற்றி கொள்பவன் அவர். பந்தயக் குதிரைக்காரர் மகன் அல்லவா! ‘ராபின்சன் குரூசோ’ தொடர்படத்தில் (1922) குரூசோவின் தீவுத் தோழன் ஃப்ரைடே. ஜான் பேரிமோர் நடித்த ‘மோபி டிக்’ (1930) படத்தில் ஈட்டி எறியும் குவீக்வெக். இந்த வேடங்களில் அவருடைய பாத்திரத்துக்கு ஒரு மனமும் ஒரு நட்பும் இருக்கின்றன. சடங்குக்கு நிற்கும் காவலர் வேடங்களோடு இவற்றைச் சேர்த்து எண்ணுவது நடிகருக்குச் செய்யும் அநீதி.

பதிவு 14 | செங்குன்றத்தான்

ஐயா சொன்ன ‘கிங் காங்’, ‘தி மோஸ்ட் டேஞ்சரஸ் கேம்’ இரண்டையும் அடுத்தடுத்த இரவுகளில் பார்த்தேன். ‘தி மம்மி’ (1932), ‘தி கோஸ்ட் பிரேக்கர்ஸ்’ (1940) இரண்டையும் கூடவே பார்த்தேன். ஐயா நடையைப் பற்றிச் சொன்னதை ஏற்றுக்கொள்கிறேன். இவானின் தோள்கள் இன்னும் கண்ணில் நிற்கின்றன. பிரபு பேசிக்கொண்டிருக்கும்போது இவான் அவர் வாயைப் பார்ப்பதில்லை, கையைப் பார்க்கிறான். யாரும் சொல்லிக்கொடுத்து வருவதில்லை அது.

எனக்கு உறைத்த வேறொன்றைச் சொல்ல வேண்டும். இவான் ஊமை. பிரபுவே வாய்விட்டுச் சொல்கிறார். ‘கிங் காங்’ தலைவர் பேசுவது படத்துக்கென்று அமைத்த தீவு மொழி. ‘தி மம்மி’ படத்தில் போரிஸ் கார்லோஃபின் மந்திரத்துக்குக் கட்டுப்பட்ட நூபிய வேலைக்காரனுக்குப் பேச்சு மிகக் குறைவு. ‘தி கோஸ்ட் பிரேக்கர்ஸ்’ படத்தில் அவர் உயிரற்ற பிணம், வாய் திறப்பதே இல்லை. சினிமாவுக்குக் குரல் வந்து பல ஆண்டுகள் ஆன பிறகு எடுத்த படங்கள் இவை. மௌனப் படங்களில் எல்லோரும் ஊமையாக இருந்தார்கள், அவரும் இருந்தார். பேசும் படம் வந்ததும் மற்றவர்களுக்குக் குரல் கிடைத்தது. அவரைத் தொடர்ந்து மௌனப் படத்திலேயே வைத்திருந்தார்கள். அந்த மௌனத்தை வைத்துக்கொண்டு உடலால் மட்டும் இவ்வளவு செய்திருக்கிறார் என்பதைப் பார்க்கும்போது, சேனியோடு ஒப்பிடலாமா என்ற கேள்வியே வேறு மாதிரி ஆகிவிடுகிறது. தன் முகத்தைத் தானே வடிவமைக்கச் சேனிக்கு உரிமை இருந்தது. இவர் முகத்தில் என்ன பூசுவது என்பதைப் பிறர் முடிவு செய்தார்கள்.

பதிவு 15 | ஒளிச்சுருள்

தம்பி, இதைத்தான் எதிர்பார்த்தேன். ‘கிங் காங்’கை இன்னொரு முறை பார்க்கும்போது அந்தப் பெருஞ்சுவரைக் கவனியுங்கள். செசில் டிமில் 1927இல் எடுத்த ‘தி கிங் ஆஃப் கிங்ஸ்’ படத்துக்காக எழுப்பிய அரங்கின் எச்சம் அது. அந்தப் படத்தில் தேரோட்டியாக வந்தவர் நோபிள். ஆறு ஆண்டுகள் கழித்து அதே சுவரின் முன் தீவுத் தலைவராக நிற்கிறார். அரங்கு போலவே நடிகரையும் மாற்றி மாற்றிப் பூசிப் பயன்படுத்தினார்கள்.

தீவின் மந்திரவாதியாக வரும் ஸ்டீவ் கிளமெண்டே என்பவரையும் பாருங்கள். மெக்ஸிகோவில் பிறந்தவர், கத்தி எறிவதில் வல்லவர். அவரும் ‘தி மோஸ்ட் டேஞ்சரஸ் கேம்’ படத்தில் பிரபுவின் தாத்தார் வேலைக்காரராக இருக்கிறார். இருவரும் சேர்ந்தே இரண்டு படங்களிலும் நிறம் மாறினார்கள். இப்படிப்பட்டவர்களைப் பற்றித் தனி இழையே தொடங்கலாம்.

பதிவு 16 | கடலோரன்

அவருடைய பிற்கால வாழ்க்கை பற்றிக் கேட்பவர்களுக்காக: ஜான் ஃபோர்டின் ‘ஷி வோர் எ யெல்லோ ரிப்பன்’ (1949) படத்தில் ரெட் ஷர்ட் என்ற பூர்வகுடித் தலைவராக வந்தபோது அவருக்கு 68 வயது. அந்த வயதிலும் குதிரை மேல் அவர் அமர்ந்திருக்கும் நிமிர்வைப் பாருங்கள். கடைசிப் படம் 1950இல், அதிலும் பூர்வகுடி வேடம். லூபின் நிறுவனம் முதன்முதலில் கொடுத்ததும் அதுவே. பிறகு சினிமாவை விட்டு ஒதுங்கினார். 1978 ஜனவரி 9 அன்று கலிபோர்னியாவின் யுகாய்ப்பா நகரில் 96ஆவது வயதில் காலமானார்.

1918இல் அவர் விலகியது பற்றி நான் இன்னும் முழுமையாக மௌனப்படப்பிரியன் பக்கம் வரவில்லை. அன்று விலகியது நெருக்கடி, ஒத்துக்கொள்கிறேன். 1920களில் அவர் கை ஓங்கியிருந்தபோது, ஃபேர்பாங்க்ஸோடும் டிமிலோடும் நடித்தபோது, கறுப்பின நிறுவனங்கள் பக்கம் ஒரு படத்துக்காவது திரும்பியிருக்கலாம் என்ற ஆதங்கம் எனக்கு இருக்கிறது. மிஷோ அப்போது நாயகர்களைத் தேடிக்கொண்டிருந்தார்.

பதிவு 17 | மௌனப்படப்பிரியன்

ஆதங்கம் எனக்கும் உண்டு, கடலோரன். மிஷோவின் படத்தில் நோபிள் ஜான்சன் என்று நினைத்தாலே உடல் சிலிர்க்கிறது. ஆனால் யுனிவர்சல் ஒரு முறை செய்ததை இன்னொரு நிறுவனம் செய்யாது என்று அவர் எதை நம்பி இறங்கியிருக்க முடியும்? சுவரொட்டியில் பெயர் பெரிதாக வந்ததற்காகத் தண்டிக்கப்பட்டவர் அவர். அதன் பிறகு பெயர் வராத வேடங்களை அவர் ஏற்றதை நான் கோழைத்தனமாகப் படிக்கவில்லை.

பார்க்கத் தொடங்குபவர்களுக்கு என் பரிந்துரை: ‘தி தீஃப் ஆஃப் பாக்தாத்’ முதலில், பிறகு ‘மோபி டிக்’, அதன் பிறகு செங்குன்றத்தார் செய்ததுபோல் இவானையும் தீவுத் தலைவரையும் அடுத்தடுத்து. ‘தி மோஸ்ட் டேஞ்சரஸ் கேம்’ பதிப்புரிமை நீங்கிய படம் என்பதால் இணையத்தில் எளிதில் கிடைக்கும். தெளிவான பிரதியாகப் பார்த்துத் தேர்ந்தெடுங்கள், மங்கலான பிரதிகளில் அவர் கண்கள் தெரியாது. ஸ்டீவ் கிளமெண்டே பற்றிய இழையை ஒளிச்சுருள் ஐயாவே தொடங்கினால் நன்றாக இருக்கும்.